யாழ்ப்பாணத்துப் பிள்ளை கிராண்ட்மாஸ்டர் ஆகலாமா? ஆனந்த் முதல் குகேஷ் வரை வந்த வழி

கோண்டாவிலில் இருந்து ஒரு தாய் கேட்டிருக்கிறார். மகளுக்கு ஒன்பது வயது, தரம் 4. பள்ளிக்கூட செஸ் போட்டிகளில் கேடயம் கேடயமாகக் கொண்டுவருகிறாள். குகேஷ் உலகச் சம்பியன் ஆன நாள் தொடக்கம் தானும் கிராண்ட்மாஸ்டர் ஆகப்போவதாகச் சொல்லித் திரிகிறாள். கிராண்ட்மாஸ்டர் என்றால் உண்மையில் என்ன, இந்தப் பெரிய ஆட்டக்காரர்கள் எல்லாரும் எப்படி அந்த இடத்துக்கு வந்தார்கள், யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு அது நடக்குமா, படிப்பு என்னாகும் என்பவை அவருடைய கேள்விகள். அடுத்த வருடம் புலமைப்பரிசில் பரீட்சை வேறு இருக்கிறது.

முதலில் நேரடிப் பதில்: நடக்கலாம். ஆனால் இன்றைக்கு இங்கே பிள்ளைகள் விளையாடுகிற முறையிலேயே போனால் நடக்காது. சர்வதேச ஆட்டக்காரர்களின் வரலாறுகளை வருடக்கணக்காக வாசித்தும் அவர்களின் ஆட்டங்களைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தும் வந்ததில் எனக்கு ஒன்று உறுதியாகப்பட்டிருக்கிறது. சின்ன வயதிலேயே தங்களைவிடப் பலமானவர்களோடு அடிக்கடி மோதித் தோற்கும் வாய்ப்பு அவர்களில் கிட்டத்தட்ட எல்லாருக்கும் கிடைத்திருக்கிறது. எங்கள் பிள்ளைகளிடம் மூளைக்குக் குறைவில்லை. அவர்களைத் தோற்கடிக்கத்தான் பக்கத்தில் ஆள் இல்லை.

பட்டங்களைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். உலகச் சதுரங்கச் சம்மேளனமான ஃபிடே ஒவ்வோர் ஆட்டக்காரருக்கும் ரேட்டிங் என்று ஒரு எண் கொடுக்கிறது. அந்த எண் இப்போது 1400இல் தொடங்குகிறது. 2200க்குப் போனால் கேண்டிடேட் மாஸ்டர், 2300க்குப் போனால் ஃபிடே மாஸ்டர். அதுவரைக்கும் எண் மட்டும் போதும். சர்வதேச மாஸ்டர் ஆவதற்கு 2400 ரேட்டிங்கோடு மூன்று 'நோம்' வேண்டும். கிராண்ட்மாஸ்டருக்கு வழக்கமாக 2500 ரேட்டிங்கும் மூன்று நோமும். நோம் என்பது ஒரு போட்டித் தொடர் முழுவதும் ஒரு குறிப்பிட்ட தரத்துக்கு விளையாடிக் காட்டியதற்கான சான்று. கிராண்ட்மாஸ்டர் நோம் என்றால் வழக்கமாக ஒன்பது சுற்றாவது ஆடி, 2600 ரேட்டிங் உள்ள ஒருவர் எடுக்கக்கூடிய பெறுபேற்றை எடுக்க வேண்டும். எதிரே இருந்தவர்களில் குறைந்தது மூன்று பேர் கிராண்ட்மாஸ்டர்களாக இருக்க வேண்டும், வெளிநாட்டவர்களும் இருக்க வேண்டும்.

இந்தக் கடைசி நிபந்தனையைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். இலங்கையில் இன்னும் ஒரு கிராண்ட்மாஸ்டர்கூட உருவாகவில்லை. ஆகவே பிள்ளை எவ்வளவு கெட்டிக்காரியாக இருந்தாலும், நல்லூரில் இருந்தாலும் சரி நுகேகொடையில் இருந்தாலும் சரி, வெளியே போகாமல், அல்லது வெளியிலிருந்து ஆட்களைக் கூப்பிடாமல் அந்தப் பட்டத்தை எடுக்க வழியில்லை.

ரேட்டிங் கணக்கையும் ஒருமுறை போட்டுக் காட்டுகிறேன், பெற்றோருக்கு இது விளங்கினால் பாதிப் பயம் போய்விடும். உங்கள் மகளின் ரேட்டிங் 1500, எதிரே இருப்பவரின் ரேட்டிங் 1700 என்று வையுங்கள். 200 புள்ளி இடைவெளியில் மகள் சராசரியாக 0.24 புள்ளி எடுப்பாள் என்று ஃபிடேயின் அட்டவணை எதிர்பார்க்கிறது. வெற்றிக்கு 1, சமநிலைக்கு அரை, தோல்விக்கு 0; எடுத்த புள்ளிக்கும் எதிர்பார்த்த புள்ளிக்கும் உள்ள வித்தியாசத்தை ஒரு எண்ணால் பெருக்குவார்கள். பதினெட்டு வயதுக்குக் கீழ், ரேட்டிங்கும் 2300க்குக் கீழ் என்றால் அந்தப் பெருக்கும் எண் 40. மகள் வென்றால் 30.4 புள்ளி கூடும். சமநிலை என்றாலும் 10.4 கூடும். தோற்றால் 9.6 மட்டும்தான் குறையும். பலமானவரோடு ஆடித் தோற்பதற்குக் கொடுக்கிற விலை அவ்வளவுதான். தன்னைவிட 200 புள்ளி குறைந்தவரோடு ஆடினால் கணக்கு அப்படியே தலைகீழாகும்: வென்றால் 9.6, தோற்றால் 30.4 போகும். வீட்டில் கேடயம் அடுக்கும் ஆசையில் பிள்ளையைச் சின்னப் போட்டிகளுக்கே கொண்டு திரிகிற பெற்றோர் இதை ஒரு தாளில் எழுதிப் பார்க்க வேண்டும்.

இனி அந்த ஆட்டக்காரர்களிடம் வருவோம். எங்களுக்கு மிகக் கிட்டிய உதாரணம் கடலுக்கு அந்தப் பக்கம், சென்னையில் இருக்கிறது. அதை ஆனந்திலிருந்து தொடங்குகிறவர்கள்தான் கூட. நான் மனுவேல் ஆரோனிலிருந்து தொடங்குவேன். 1935இல் பர்மாவில் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்தவர். 1961இல் இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர் ஆனார். ஒன்பது முறை தேசியச் சம்பியன். 1962இல் ஸ்டொக்ஹோமில் நடந்த, உலகப் பட்டத்துக்கான தகுதிச் சுற்றுகளில் ஒன்றான மண்டலங்களுக்கிடையிலான போட்டியில் கடைசி இடத்துக்கே வந்தாலும், அங்கே போர்ட்டிஷையும் ஊல்மனையும் வென்றார். இருவரும் அந்தக் காலத்தில் உலகின் முன்னணி ஆட்டக்காரர்கள். ஆனால் ஆரோன் செய்த பெரிய வேலை பலகைக்கு வெளியே நடந்தது. 1972இல் சென்னையில் இருந்த சோவியத் கலாசார நிலையத்தில், முன்னாள் உலகச் சம்பியன் மிகயில் தாலின் பெயரில் ஒரு செஸ் கழகத்தைத் தொடக்கினார். சோவியத் புத்தகங்களும் சஞ்சிகைகளும் அங்கே கிடைத்தன. ஆட வந்தவர்களும் பலமானவர்கள்.

அந்தக் கழகத்துக்குள் வந்த சிறுவன்தான் விஸ்வநாதன் ஆனந்த். 1969 டிசம்பர் 11ஆம் திகதி மயிலாடுதுறையில் பிறந்தவர். தாயார் சுசீலாவிடம் செஸ் பழகினார். தகப்பனுக்கு வேலை மணிலாவில் கிடைத்ததால் குடும்பம் சில காலம் அங்கே இருந்தது. அது பிலிப்பைன்ஸில் செஸ் காய்ச்சல் அடித்த நேரம். ஆசியாவின் முதல் கிராண்ட்மாஸ்டரான யூஜெனியோ டொரே 1974இலேயே பட்டம் எடுத்திருந்தார். 1978இல் கார்ப்போவும் கொர்ச்னோயும் உலகச் சம்பியன் பட்டத்துக்காக மோதியதும் அந்த நாட்டின் பாகியோ நகரில்தான். தொலைக்காட்சியில் ஒரு செஸ் நிகழ்ச்சி போகும், கடைசியில் புதிர் ஒன்று தருவார்கள். ஆனந்த் பள்ளிக்கூடத்தில் இருக்கும் நேரம் தாயார் அதை எழுதி வைப்பார், பின்னேரம் இருவரும் சேர்ந்து விடை கண்டு அனுப்புவார்கள். பரிசு, புத்தகம். இவர் திரும்பத் திரும்ப வென்றதில், வேண்டிய புத்தகங்களை எல்லாம் எடுத்துக்கொண்டு போ, இனி விடை அனுப்பாதே என்று நிகழ்ச்சிக்காரர்களே சொல்லிவிட்டார்கள் என்று ஆனந்தே சொல்லியிருக்கிறார்.

திரும்பிச் சென்னைக்கு வந்தபின் தால் கழகத்தில் மின்னல் ஆட்டம், அதாவது சில நிமிடத்தில் முடிகிற ஆட்டம். வென்றவர் கதிரையில் இருப்பார், தோற்றவர் எழும்பி வரிசையில் பின்னுக்குப் போக வேண்டும். திரும்ப வாய்ப்பு வர நேரம் எடுக்கும் என்பதால் கதிரையை விடாமல் ஆடப் பழகினார். பின்னாளில் உலகமே வியந்த அவருடைய வேகத்தின் ஒரு வேர் இங்கே இருக்கிறது. ஒரு நல்ல கழகம் பிள்ளைக்கு என்ன கொடுக்கும் என்று யாராவது கேட்டால் நான் இந்தக் கதிரையைத்தான் சொல்வேன்.

1987இல் அதே பாகியோவில் உலக கனிஷ்ட சம்பியன், 1988இல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர். 1991இல் தொடங்கிய ரெஜ்ஜோ எமிலியா போட்டியில் அன்றைய உலகச் சம்பியன் கஸ்பரோவையும் கார்ப்போவையும் பின்னுக்குத் தள்ளி முதலிடம். இதன்பிறகு வந்த பத்து வருடத்தை நான் பிள்ளைகளுக்கு விரிவாகச் சொல்வேன், ஏனென்றால் வெற்றிப் பட்டியலில் அது தெரியாது. 1995இல் நியூயோர்க் உலக வர்த்தக மையத்தின் 107ஆவது மாடியில் கஸ்பரோவோடு உலகப் பட்டத்துக்கான மோதல். முதல் எட்டு ஆட்டமும் சமநிலை. ஒன்பதாவதை ஆனந்த் வென்றார். அடுத்த ஐந்து ஆட்டங்களில் நான்கைக் கஸ்பரோவ் வென்றார். முடிவு 10.5க்கு 7.5. 1998 தொடக்கத்தில் லொசானில் கார்ப்போவோடு இன்னொரு வாய்ப்பு. ஆனந்த் குரோனிங்கனில் வாரக்கணக்காக வெளியேற்றுச் சுற்றுகளை ஆடி முடித்து, ஓய்வே இல்லாமல் அங்கே போனார். கார்ப்போவ் நேராக இறுதிக்கு வந்து காத்திருந்தார். ஆறு ஆட்டம் 3க்கு 3, பிறகு நடந்த விரைவு ஆட்டங்களில் தோல்வி. நியாயமில்லாத ஏற்பாடு என்றே இன்றைக்கும் நினைக்கிறேன். 2000இல் தெஹ்ரானில் ஷிரோவை 3.5க்கு 0.5 என்று வென்று உலகச் சம்பியன் ஆனபோது அவருக்கு வயது 31.

பிறகு 2007 மெக்சிக்கோ, 2008 பொன் நகரில் கிராம்னிக்கை, 2010 சோஃபியாவில் டொபலோவை, 2012 மொஸ்கோவில் கெல்ஃபண்டை வென்று என வரிசையாகப் பட்டம். சோஃபியாவுக்குப் போகிற நேரம் ஐஸ்லாந்து எரிமலைச் சாம்பலால் ஐரோப்பாவில் விமானங்கள் நின்றுவிட, தரைவழியாக நாற்பது மணித்தியாலம் அளவில் பயணம் செய்துதான் போய்ச் சேர்ந்தார். முதல் ஆட்டத்தில் தோல்வி, பன்னிரண்டாவது ஆட்டத்தில் கறுப்புக் காயோடு வெற்றி. 2013இல் சொந்த ஊரான சென்னையிலேயே நோர்வேயின் மக்னஸ் கார்ல்சனிடம் பட்டத்தை இழந்தார். எல்லாரும் அவருடைய காலம் முடிந்தது என்று எழுதிய சில மாதங்களில், 2014இல், சம்பியனோடு மோதப்போகிறவரைத் தெரிவு செய்யும் கேண்டிடேட்ஸ் போட்டியை வென்று திரும்பவும் கார்ல்சன் முன்னால் போய் இருந்தார். 2017இல், 48 வயதில், உலக விரைவுச் சம்பியன். உங்கள் மகள் ஒரு ஆட்டம் தோற்று அழுதுகொண்டு வருகிற நாளில் சொல்வதற்கு இதைவிட நல்ல கதை எனக்குத் தெரியாது.

ஆனந்த் மேலே ஏறிய அந்தக் காலத்தில் யாழ்ப்பாணம் எப்படி இருந்தது என்பதையும் சொல்லத்தான் வேண்டும். 1990க்குப் பிறகு குடாநாட்டில் மின்சாரம் இல்லை, ஏ9 பாதை இல்லை. ஜாம் போத்தல் விளக்கு வெளிச்சத்தில் செஸ் ஆடிய பிள்ளைகள் இருந்தார்கள். கொழும்புக்குப் போவதென்றால் கிளாலிக் கடலேரியை இருட்டில் வள்ளத்தில் கடக்க வேண்டும். அந்தத் தலைமுறையில் எத்தனை திறமை ரேட்டிங் என்ற ஒன்றைக் காணாமலே போயிற்று என்று கணக்கெடுக்க ஒருவராலும் முடியாது. சென்னையில் ஒரு தலைமுறை அடுத்த தலைமுறையைத் தூக்கிவிட்ட அதே வருடங்களில் எங்களுக்கு அந்த ஏணி அறுந்துபோனது. இன்றைக்கு எங்கள் பிள்ளைகள் பின்னுக்கு நிற்பதற்கு இதுவும் ஒரு காரணம். அதைச் சொல்ல வெட்கப்படத் தேவையில்லை.

குகேஷின் கதையைக் கேட்டிருப்பீர்கள். 2006 மே 29 பிறப்பு. 12 வயது 7 மாதம் 17 நாளில் கிராண்ட்மாஸ்டர். ரஷ்யர் கர்யாக்கின் வைத்திருந்த உலக சாதனையை 17 நாளில் தவறவிட்டார். தகப்பன் காது, மூக்கு, தொண்டை சத்திரசிகிச்சை நிபுணர், தாய் நுண்ணுயிரியலாளர். பிள்ளையைப் போட்டிகளுக்குக் கொண்டு திரிவதற்காகத் தகப்பன் தன் தொழிலை இடைநிறுத்தினார், குடும்பம் தாயின் சம்பளத்தில் ஓடியது. பயிற்றுநர் விஷ்ணு பிரசன்னா, 2500 ரேட்டிங் அளவுக்கு வரும்வரை குகேஷை, நல்ல நகர்த்தலைக் கணக்கிட்டுச் சொல்லும் கணினி இயந்திரங்களின் (செஸ் மென்பொருள்களின்) பக்கம் போகவே விடவில்லை. பிள்ளை தானே கணக்குப் போட வேண்டும் என்பது அவருடைய எண்ணம். இங்கே தரம் 3 பிள்ளையே ஆட்டம் முடிந்த அடுத்த நிமிடம் போனில் இயந்திரத்தைத் திறந்து எங்கே பிழை என்று பார்க்கிறது. அது எனக்கு மெத்தக் கவலை தரும் காட்சி.

2024 ஏப்ரலில் டொரண்டோவில் கேண்டிடேட்ஸ் வெற்றி, டிசம்பரில் சிங்கப்பூரில் சீனாவின் டிங் லிரெனோடு உலகப் பட்டம். அந்தத் தொடரின் முதல் ஆட்டத்தை வெள்ளைக் காயோடு தோற்றவர் குகேஷ்தான். மூன்றாவதை வென்று சமன் செய்தார், பதினோராவதை வென்று முந்தினார், பன்னிரண்டாவதில் டிங் திருப்பிக் கொடுத்தார். டிசம்பர் 12, கடைசி ஆட்டம், 6.5க்கு 6.5. இரண்டு பேரிடமும் ஒரு ரூக், ஒரு பிஷப், ராஜா. குகேஷுக்கு ஒரு சிப்பாய் கூட, அவ்வளவுதான். கவனமாக ஆடினால் சமநிலை என்பது எல்லாருக்கும் தெரிந்த நிலை. பார்த்துக்கொண்டிருந்தவர்கள் அடுத்த நாள் விரைவு ஆட்டத்தைப் பற்றிக் கதைக்கத் தொடங்கிவிட்டார்கள். குகேஷ் மட்டும் விடவில்லை, நகர்த்திக்கொண்டே இருந்தார். 55ஆவது நகர்த்தலில் டிங் ரூக்கை மாற்றிக்கொள்ளலாம் என்று முன்வைத்தார். அவருடைய பிஷப் பலகையின் மூலையில் நின்றது. ரூக்குகள் வெட்டுப்பட்டதும் குகேஷ் தன் பிஷப்பை அதன் முன்னால் கொண்டுவந்து வைத்தார், அதையும் மாற்றாமல் தப்ப வழியில்லை. இரண்டு பிஷப்பும் போனால் மிஞ்சுவது ராஜாவும் சிப்பாய்களும், அந்த ஒரு கூடுதல் சிப்பாயே போதும். மூன்று நகர்த்தல் கழித்து டிங் கை கொடுத்தார். 18 வயது. 1985இல் 22 வயதில் பட்டம் எடுத்த கஸ்பரோவின் சாதனை போயிற்று.

இந்த முடிவாட்டத்தை மகளோடு பலகையில் வைத்துப் பாருங்கள். முழு ஆட்டமும் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும்.

பிரக்ஞானந்தா, வைஷாலி வீட்டைப் பற்றி இரண்டு வார்த்தை. தகப்பன் வங்கி ஊழியர். தாய் நாகலட்சுமி எல்லாப் போட்டிக்கும் கூடப் போகிறவர். தொலைக்காட்சி பார்ப்பதைக் குறைக்கத்தான் முதலில் வைஷாலியைச் செஸ் வகுப்புக்கு விட்டார்கள், தம்பி அக்காவைப் பார்த்துப் பழகினார். தம்பி 2018இல் கிராண்ட்மாஸ்டர். அக்கா அந்தத் தரத்தை 2023 கடைசியில் தொட்டார். உலகத்தில் கிராண்ட்மாஸ்டர்களான முதல் அக்கா தம்பி இவர்கள்தான். இருவரையும் வளர்த்த ஆர். பி. ரமேஷும் சென்னைக்காரர், தானே ஒரு கிராண்ட்மாஸ்டர். ஆரோன், ஆனந்த், ரமேஷ், பிரக்ஞானந்தா, குகேஷ் என்று ஒரே ஊருக்குள் ஒருவர் தோளில் ஒருவர் ஏறி நிற்கிறார்கள். இந்தியாவில் இப்போது கிராண்ட்மாஸ்டர்கள் எண்பதைத் தாண்டிவிட்டார்கள், அதில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு தமிழ்நாட்டவர்.

இதை ஒட்டி எங்கள் பக்கத்து நாடொன்றையும் பார்க்க வேண்டும். தெற்காசியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனந்த் இல்லை, பங்களாதேஷின் நியாஸ் முர்ஷெட். 1987இல், ஆனந்துக்கு ஒரு வருடம் முன்பே பட்டம் எடுத்தவர். ஆனாலும் பங்களாதேஷில் கிராண்ட்மாஸ்டர்கள் இன்றைக்கும் விரல்விட்டு எண்ணக்கூடிய அளவுதான். இந்தியாவில் ஆனந்துக்குப் பிறகு கழகம், பயிற்றுநர், ரேட்டிங் போட்டி, தொழில் கொடுக்கிற நிறுவனம் எல்லாம் பெருகின. தனி ஒருவரின் சாதனை மட்டும் ஒரு நாட்டைத் தூக்கிவிடாது என்பதற்கு இந்த இரண்டு நாடுகளும் போதும்.

அதற்கும் முன்பு, சுல்தான் கான். பஞ்சாபில் ஒரு நிலப்பிரபுவின் வீட்டில் இருந்த மனிதர். எங்கள் பழைய முறைச் சதுரங்கம் ஆடி வளர்ந்தவர். 1929இல் முதலாளியோடு லண்டனுக்குப் போய், போன சில மாதங்களிலேயே பிரித்தானியச் சம்பியன் ஆனார். 1932, 1933 என்று இன்னும் இரண்டு தடவை. ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலகச் சம்பியன் கப்பபிளாங்காவையே வென்றார். முதலாளி ஊருக்குத் திரும்பியதும் இவரும் திரும்பினார், பிறகு சர்வதேசப் பலகை பக்கமே வரவில்லை. 1966இல் இறந்தார். 2024இல் ஃபிடே அவருக்குக் கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் கொடுத்தது. அந்த அளவு திறமை உள்ள ஒருவருக்குச் சரியான எதிராளிகள் கிடைத்தது ஐந்தே வருடம். நினைக்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும்.

மேற்கு நாட்டவர்களைப் பற்றிச் சுருக்கமாக. பொபி ஃபிஷர் 1971இல் தைமனோவையும் லார்சனையும் அடுத்தடுத்து 6க்கு 0 என்று வென்று, 1972இல் ஸ்பாஸ்கியிடமிருந்து பட்டத்தை எடுத்தார், பிறகு இருபது வருடம் ஒரு போட்டியிலும் ஆடவில்லை. எம்மானுவேல் லாஸ்கர் 1894 முதல் 1921 வரை 27 வருடம் சம்பியன். கார்ல்சன் 2014இல் தொட்ட 2882 ரேட்டிங்கை இன்னும் ஒருவரும் எட்டவில்லை. பிந்தித் தொடங்கியவர்களும் உண்டு: சீனாவின் யே ஜியாங்சுவான் 17 வயதில்தான் செஸ் பழகினார், பிறகு கிராண்ட்மாஸ்டர் ஆனார். அதனால் ஒன்பது வயதில் பிந்திவிட்டது என்று பதற வேண்டாம்.

உங்கள் மகளுக்காக நான் அதிகம் சொல்ல விரும்புவது யூடித் போல்காரைப் பற்றி. ஹங்கேரியில் மூன்று சகோதரிகளில் கடைக்குட்டி. பெண்கள் பிரிவில் வெல்வது எளிதாக இருந்தும் ஆண்களோடு பொதுப் பிரிவில்தான் ஆடுவேன் என்று நின்றவர். 1991இல் 15 வயதில் கிராண்ட்மாஸ்டர், அப்போது ஃபிஷரின் வயதுச் சாதனையை முறியடித்தார். 2002இல் விரைவு ஆட்டமொன்றில் கஸ்பரோவை வென்றார். 2735 ரேட்டிங் வரை போய் உலகின் முதல் பத்துக்குள் வந்தார். எதிராளியின் பலம்தான் ஆட்டக்காரரை வளர்க்கிறது என்பதை அந்த வீடு சின்ன வயதிலேயே தெரிந்து வைத்திருந்தது. இந்தியாவில் கொனேரு ஹம்பி 2002இல் 15 வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆனார், பிறகு பிள்ளையும் பெற்று, அதன்பின் 2019இலும் 2024இலும் பெண்கள் உலக விரைவுச் சம்பியன் ஆனார். 2022இல் நாடுகளின் அணிகள் மோதும் மாமல்லபுரம் செஸ் ஒலிம்பியாட்டில் கிராண்ட்மாஸ்டர் ஹரிகா நிறைமாதக் கர்ப்பிணியாக இருந்து ஆடி, இந்தியப் பெண்கள் அணியோடு வெண்கலம் எடுத்தார். 2025இல் திவ்யா தேஷ்முக் பெண்கள் உலகக் கிண்ணத்தை வென்று அதன் மூலமே கிராண்ட்மாஸ்டரும் ஆனார். இங்கே என்ன நடக்கிறது? தரம் 9, 10 வந்ததும் பெண் பிள்ளைகள் பலகையை விடுகிறார்கள், அல்லது விட வைக்கப்படுகிறார்கள். வெளியூர்ப் போட்டிக்குக் கூட்டிப்போக ஆள் இல்லை, ஓ.எல். வருகிறது, சனம் என்ன சொல்லும். திறமை குறைந்து விட்டவர்கள் என்று நான் ஒருவரையும் கண்டதில்லை. மகளைப் பெண்கள் பிரிவோடு நிறுத்தாமல் பொதுப் பிரிவில் ஆட விடுங்கள்.

படிப்பு. இதில் நான் ஒளிக்காமல் சொல்கிறேன். குகேஷ் நான்காம் வகுப்போடு முழுநேரப் பள்ளிக்கூடத்தை விட்டவர். அதைப் பார்த்து நீங்களும் செய்ய வேண்டாம். அவருக்குக் கிழமைக்குக் கிழமை பலமான போட்டியும், பக்கத்தில் கிராண்ட்மாஸ்டர் பயிற்றுநரும் இருந்தார்கள். அந்த ஏற்பாடு இல்லாத ஊரில் படிப்பை விட்டால் பிள்ளைக்கு இரண்டும் இல்லாமல் போகும். இரண்டையும் கொண்டுபோனவர்கள் எத்தனையோ பேர். 1935இல் அலெஹினை வென்று உலகச் சம்பியன் ஆன மக்ஸ் யூவே நெதர்லாந்தில் கணித ஆசிரியர். பொட்வினிக் மின் பொறியியலில் கலாநிதி. ஜோன் நன் ஒக்ஸ்ஃபோர்டில் கணிதத்தில் கலாநிதிப் பட்டம் எடுத்த கிராண்ட்மாஸ்டர். 2022 மே மாதத்தில் இணையப் போட்டியொன்றின் அரையிறுதியில் அனிஷ் கிரியைப் பிரக்ஞானந்தா வென்று முடித்தபோது சென்னையில் இரவு இரண்டு மணி, விடிந்தால் பதினோராம் வகுப்புப் பரீட்சை. போய் எழுதினார்.

வருமானத்தைப் பற்றியும் தெரிந்திருக்க வேண்டும். சிங்கப்பூர் உலகப் பட்டத் தொடரின் பரிசுத்தொகை மொத்தம் 25 இலட்சம் அமெரிக்க டொலர். அந்த எண்ணைப் பார்த்து மயங்க வேண்டாம். ஆடி மட்டும் நல்லாய்ச் சீவிப்பவர்கள் உலகத்தில் மிகச் சிலர். மற்றக் கிராண்ட்மாஸ்டர்கள் பயிற்றுவிக்கிறார்கள், ஜெர்மன் லீக் போன்றவற்றில் கழகங்களுக்காக ஆடுகிறார்கள், எழுதுகிறார்கள், வர்ணனை செய்கிறார்கள். இந்தியாவில் எண்ணெய் நிறுவனங்களும் ரயில்வேயும் ஆட்டக்காரர்களுக்கு வேலை கொடுத்தன. இலங்கையில் அப்படி ஒரு வழி செஸ்ஸுக்கு இன்னும் பெரிதாகத் திறக்கவில்லை. ஆகவே ஏ.எல். வரைக்குமான படிப்பு பிள்ளைக்குக் கட்டாயம் இருக்கட்டும்.

இனி யாழ்ப்பாணத்தில் இருந்து செய்யக்கூடியது. புலமைப்பரிசில் வருடத்தில் செஸ்ஸை முழுதாக நிறுத்த வேண்டாம், ஒரு நாளைக்கு அரை மணித்தியாலம் புதிர் செய்தாலே கை விட்டுப்போகாது. பரீட்சை முடிந்ததும் ரேட்டிங் போட்டிகளைத் தொடங்குங்கள். பெரும்பாலும் கொழும்புப் பக்கம்தான் நடக்கும். நாலைந்து குடும்பம் சேர்ந்து இரவு ரயிலிலோ வானிலோ போனால் செலவும் குறையும், பிள்ளைகள் வழியெல்லாம் ஆடிக்கொண்டும் போவார்கள். கையில் வசதி வந்தால், அல்லது புலம்பெயர்ந்த உறவுகள் உதவினால், வருடத்தில் ஒரு முறையாவது தமிழ்நாட்டில் ஒரு திறந்த போட்டி. பலாலியில் ஏறினால் சென்னை ஒன்றேகால் மணித்தியாலம் அளவில் வந்துவிடும், கொழும்புக்கு ரயிலில் போகிற நேரத்தில் கால்வாசிகூட இல்லை. பாஷைப் பிரச்சினையும் இல்லை. ஒன்பது சுற்றில் ஐந்து ஆறு தோற்றாலும் பரவாயில்லை, அந்தத் தோல்விகளை வாங்கத்தான் போகிறீர்கள். ஊரில் வெற்றிக் கேடயத்துக்குக் காசு செலவழிக்கிற சங்கங்களும் பழைய மாணவர்களும் இரண்டு வருடத்துக்கு ஒருமுறையாவது வெளிநாட்டு மாஸ்டர்களைக் கூப்பிட்டு இங்கேயே ஒரு ரேட்டிங் போட்டி நடத்தினால், முப்பது பிள்ளைகளை விமானத்தில் அனுப்பும் செலவு மிஞ்சும். இதைக் கேட்கக்கூடிய இடங்களில் எல்லாம் நான் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறேன்.

இணையத்தில் லிச்செஸ் என்ற செஸ் தளம் முற்றிலும் இலவசம். ஆனால் மூன்று நிமிட ஆட்டங்களாக ஆட விடாதீர்கள். கிழமைக்கு இரண்டு நீண்ட ஆட்டம், ஒவ்வொரு பக்கத்துக்கும் முப்பது நிமிடமாவது. முடிந்ததும் இயந்திரத்தைத் திறக்க முன்னர், எங்கே திசை மாறியது, அந்த நேரம் என்ன யோசித்தாய் என்று மகளே கொப்பியில் எழுதட்டும். நேரில் ஆடும் எல்லா ஆட்டத்தையும் ஸ்கோர் ஷீட்டில் குறிக்கப் பழக்குங்கள், பள்ளிக்கூடப் போட்டியில் கட்டாயமில்லை என்றாலும் குறிக்கட்டும். மகளின் ஸ்கோர் ஷீட் மூன்று நாலைப் படம் எடுத்து அனுப்பினால் பார்த்துச் சொல்கிறேன். வென்ற ஆட்டங்கள் வேண்டாம், தோற்றவற்றை அனுப்புங்கள்.